முப்பது மணி நேரமும் எங்கள் மண்ணின் நோய்களும்

எம்.பி.பி.எஸ். முடித்து ஓசூருக்கு நான் பிராக்டிஸ் செய்ய வந்தது 1980களின் தொடக்கத்தில். அப்போது இது தர்மபுரி மாவட்டம். கிருஷ்ணகிரி தனி மாவட்டமானது 2004 பிப்ரவரியில். சிப்காட் வந்துவிட்டிருந்தது. அசோக் லேலண்டும் டி.வி.எஸ்.ஸும் ஆள் எடுத்துக்கொண்டிருந்தன. டைட்டன் வரச் சில ஆண்டுகள் இருந்தன. கிளினிக் பெஞ்சில் ஒருவர் தமிழில் வயிற்றுவலி சொல்வார். பக்கத்தில் இருப்பவர் தெலுங்கில் காய்ச்சல் சொல்வார். தளியிலிருந்து வந்தவர் கன்னடத்தில் மூட்டுவலி சொல்வார். மூன்றும் காதில் ஏறாத டாக்டர் இந்த ஊரில் நாள் தள்ள முடியாது.

மருத்துவ கவுன்சில் கொடுத்த பதிவுச் சான்றிதழைச் சட்டம் போட்டுச் சுவரில் மாட்டினேன். பெயர், பட்டம், பதிவு எண், தேதி எல்லாம் இருந்தன. எதுவரை செல்லும் என்று மட்டும் எதுவும் இல்லை. ஒருமுறை பதிந்துவிட்டால் ஆயுசுக்கும் டாக்டர். அதற்குப் பிறகு புத்தகம் திறந்தாயா, திறக்கவில்லையா என்று கேட்க ஆள் கிடையாது.

இன்று கேட்கிறார்கள். ஐந்தாண்டுக்கு ஒருமுறை பதிவைப் புதுப்பிக்க வேண்டும். அந்த ஐந்தாண்டில் 30 மணி நேரம் தொடர் மருத்துவக் கல்வியில் உட்கார்ந்திருக்க வேண்டும். எங்கள் வட்டாரத்தில் அதற்கு சி.எம்.இ. என்று பெயர், மணிக்கணக்குக்குப் பெயர் கிரெடிட் பாயிண்ட். இந்த விதியை நான் மனதார வரவேற்கிறேன். இன்னும் முன்னாலேயே வந்திருக்க வேண்டும் என்பேன். ஆனால் யாரும் கேட்காத காலத்தில் நாங்கள் படித்ததெல்லாம் இந்த மண்ணின் நோய்களை. மணிக்கணக்குக் கேட்கிற இந்தக் காலத்தில் பாடம் நடக்கிறது, அதில் இந்த மண் இல்லை. இந்த வருத்தத்தைத்தான் இங்கே எழுத நினைக்கிறேன்.

அப்போது மாதம் ஒருமுறை டாக்டர்கள் கூடுவோம். யாராவது ஒருவருடைய கிளினிக்கின் முன்னறை, மடக்கு நாற்காலிகள், டீ, பன். ஒருவர் தன்னிடம் வந்த கஷ்டமான கேஸைச் சொல்வார். எக்ஸ்-ரேயை ஜன்னல் வெளிச்சத்தில் தூக்கிப் பிடிப்பார். மற்றவர்கள் குறுக்குக் கேள்வி கேட்பார்கள். தபாலில் வரும் பத்திரிகைகள் கைமாறும். டாக்டர் யு. ராமராவ் 1904இல் சென்னையில் தொடங்கிய ‘ஆன்டிசெப்டிக்’ அவற்றில் ஒன்று. எங்களைப் போன்ற சிற்றூர் டாக்டர்கள் அட்டை கிழியும்வரை படித்த மாதப் பத்திரிகை அது. கையெழுத்துப் புத்தகம் கிடையாது, சான்றிதழ் கிடையாது. வந்தவர்கள் படிக்க வேண்டும் என்பதற்காகவே வந்தார்கள்.

எங்கள் எல்லோருக்கும் மூத்தவர் ஒருவர் இருந்தார். ஊரே அவரைப் பெரிய டாக்டர் என்றுதான் சொல்லும். இடுப்பு வலி, கழுத்து வலி என்று நடுவயதுக்காரர்கள் வந்தால் வாத மாத்திரை எழுதி அனுப்புவதுதான் எல்லோருடைய வழக்கமும். அவர் முதலில் வாயைத் திறக்கச் சொல்லிப் பல்லைப் பார்ப்பார். பிறகு சட்டைப் பையிலிருந்து ஒரு நாணயத்தை எடுத்துத் தரையில் போடுவார்.

“முட்டியை மடக்காம அதை எடுங்க பார்க்கலாம்.”

வந்தவர் குனிவார். பாதி தூரத்தில் முதுகு நின்றுவிடும். நெஞ்சில் முகவாயைத் தொடச் சொன்னால் தொடாது. இரண்டு கையையும் விரித்துப் பின்தலையைத் தொடச் சொன்னால் அதுவும் எட்டாது.

“எந்த ஊருங்க? கிணத்துத் தண்ணியா, போர் தண்ணியா?” என்று அடுத்துக் கேட்பார். பிறகு எங்கள் பக்கம் திரும்பி, “முன்கை எக்ஸ்-ரே எடுப்பா. ரெண்டு எலும்புக்கும் நடுவுல இருக்கற சவ்வு சுண்ணாம்பு பிடிச்சு வெள்ளையாத் தெரியும்” என்பார். தெரியும்.

அதுதான் ஃபுளோரோசிஸ். தர்மபுரி, கிருஷ்ணகிரிப் பகுதியின் அடியில் இருப்பது கடும் பாறை. அதிலுள்ள கனிமங்களிலிருந்து ஃபுளோரைடு மெல்லக் கசிந்து நிலத்தடி நீரில் சேர்கிறது. மழை பொய்க்கப் பொய்க்க ஆழ்துளைக் கிணறுகள் பெருகின. பாறைக்குள் வெகுகாலம் தங்கிய நீர் குடத்துக்கு வந்தது. குடிநீரில் லிட்டருக்கு 1.5 மில்லிகிராமுக்கு மேல் ஃபுளோரைடு போகக் கூடாது. மேலே போனால் முதலில் குழந்தைகளின் பல் பழுப்பேறும். பல வருடம் போனால் எலும்பு இறுகும். இதற்கு மாத்திரை கிடையாது, தண்ணீரை மாற்றுவதுதான் மருந்து. ஜப்பான் நிதியுதவியோடு நிறைவேறிய ஒகேனக்கல் கூட்டுக் குடிநீர்த் திட்டம் 2013இல் தொடங்கி வைக்கப்பட்டபோது, எங்கள் ஊர் டாக்டர்கள் அதை ஒரு பெரிய மருத்துவச் செய்தியாகத்தான் பேசிக்கொண்டோம். அந்த நாணயச் சோதனையை எனக்குக் கல்லூரியில் யாரும் காட்டவில்லை. மாதக் கூட்டத்தில் கற்றேன்.

அந்தக் காலத்தைப் பொற்காலம் என்று சொல்ல மாட்டேன். கூட்டத்துக்கு வந்தவர்கள் வந்தார்கள். வராதவர்கள் கடைசிவரை வரவில்லை. கடைசித் தேர்வு எழுதிய அன்று தெரிந்ததை வைத்தே முப்பது, நாற்பது வருடம் மருந்து எழுதியவர்கள் உண்டு. அதன் விலையை நோயாளிகள் கொடுத்தார்கள்.

குடல் புண்ணை எடுத்துக்கொள்ளுங்கள். நாங்கள் படிக்கும்போது டியோடினல் அல்சர் என்றால் அமிலம், காரம், கவலை. நைட் ஷிஃப்ட் பார்க்கும் தொழிலாளிக்கு நடுராத்திரியில் வயிறு எரிந்தால் ஜெலுசில், பால், புளி காரம் இல்லாத சாப்பாடு. அதற்கும் அடங்காவிட்டால் வேகஸ் நரம்பை வெட்டி, இரைப்பையைச் சிறுகுடலோடு இணைக்கும் ஆபரேஷன். ஆஸ்திரேலியாவின் பெர்த் நகரில் பாரி மார்ஷலும் ராபின் வாரனும் 1982இலேயே இதற்கு ஒரு கிருமி காரணம் என்று கண்டுவிட்டார்கள். 1984இல் மார்ஷல் அந்தக் கிருமிக் கரைசலைத் தானே குடித்து, இரைப்பை அழற்சியை வரவழைத்துக் காட்டினார். 2005இல் இருவருக்கும் நோபல் பரிசு. வாழ்நாள் வியாதி என்று நினைத்தது இரண்டு வார மாத்திரையில் அடங்கும் வியாதியாகிவிட்டது. பத்திரிகை படித்த டாக்டரின் நோயாளிக்கு அந்த மாத்திரை கிடைத்தது. படிக்காதவரின் நோயாளி பால் குடித்துக்கொண்டே இருந்தார், சிலர் ஆபரேஷன் டேபிள்வரை போனார்கள்.

நாய் கடித்தால் தொப்புளைச் சுற்றி ஊசி என்று பயந்த தலைமுறை இன்னும் இருக்கிறது. ஆட்டின் மூளைத் திசுவிலிருந்து செய்த அந்தத் தடுப்பூசி சிலருக்கு நரம்புக் கோளாறையே கொடுத்தது; 2004 இறுதியில்தான் இந்தியா அதைக் கைவிட்டது. இதயம் தளர்ந்துபோனவருக்கு பீட்டா பிளாக்கர் கொடுக்கவே கூடாது என்று எழுதி மார்க் வாங்கியவர்கள் நாங்கள். 1999இல் வெளியான பெரிய ஆய்வுகளுக்குப் பிறகு அதே மருந்து, அதே நோயாளியின் ஆயுளை நீட்டும் முக்கிய மருந்தாகிவிட்டது. பாம்புக்கடிக்கு இறுக்கிக் கட்டு, கீறி ரத்தத்தை விடு, விஷமுறிவு மருந்தைத் துளி போட்டுச் சோதித்துப் பார் என்றெல்லாம் ஒரு காலத்தில் இருந்தது. இப்போது கட்டும் இல்லை, கீறலும் இல்லை, சோதனை ஊசியும் இல்லை. சுத்தமான, உலர்ந்த கண்ணாடிக் குழாயில் 2 மில்லி ரத்தம் எடுத்து, அசைக்காமல் 20 நிமிடம் வைத்து, பிறகு சாய்த்துப் பார். உறையாமல் ஓடினால் மருந்தை ஏற்று. அஞ்செட்டிக் காட்டோரத்தில் கண்ணாடி விரியன் கடித்து வருபவருக்கு இந்த ஒரு குழாய் தெரிந்த டாக்டர் கிடைத்தால் போதும்.

பட்டத்தோடு கற்ற அறிவு இப்படிப் பழசாகும்போது, பதிவு மட்டும் ஆயுசுக்கும் செல்லும் என்பது நியாயமில்லை. இந்திய மருத்துவக் கவுன்சில் 2002இல் கொண்டுவந்த ஒழுக்க விதிகளில்தான், ஐந்தாண்டில் குறைந்தது 30 மணி நேரம் தொடர்கல்வி என்பது எழுத்தில் வந்தது. எல்லா மாநிலத்திலும் அது ஒரே நாளில் நடைமுறையாகவில்லை. மாநிலக் கவுன்சில்கள் ஒவ்வொன்றாகப் பதிவுப் புதுப்பித்தலோடு அதைச் சேர்த்தன. எங்களுக்கு சென்னை அரும்பாக்கத்துக் கவுன்சில். ஜூஜூவாடியைத் தாண்டி அத்திப்பள்ளிக்குப் போனால் கர்நாடகக் கவுன்சில். காலையில் இந்தப் பக்கமும் மாலையில் அந்தப் பக்கமும் நோயாளி பார்க்கும் டாக்டர்கள் நிறைந்த எல்லை இது. 2019இல் தேசிய மருத்துவ ஆணையச் சட்டம் வந்தது. அடுத்த ஆண்டு செப்டம்பரில் பழைய கவுன்சிலின் இடத்தை ஆணையம் எடுத்துக்கொண்டது. நாடு முழுவதற்கும் ஒரே பதிவேடு, ஆளுக்கொரு அடையாள எண் என்ற ஏற்பாட்டின் இணையதளம் 2024 ஆகஸ்டில் திறந்தது. எல்லையோர டாக்டர்களுக்கு இது நல்ல காலம்.

மருந்துக் கம்பெனிகளின் பணம் பற்றியும் சொல்லியாக வேண்டும். டாக்டர்கள் கம்பெனிகளிடம் பரிசும் பயணமும் வாங்கக் கூடாது என்று 2009 டிசம்பரிலேயே விதி திருத்தப்பட்டது. 2023 ஆகஸ்ட் 2ஆம் தேதி வந்த புதிய நடத்தை விதிகள் ஒரு படி மேலே போய், கம்பெனி நேராகவோ மறைமுகமாகவோ பணம் போடும் கல்விக் கூட்டத்துக்கே டாக்டர்கள் போகக் கூடாது என்றன. அதே மாதம் 23ஆம் தேதி அந்த விதிகள் மொத்தமாக நிறுத்தி வைக்கப்பட்டன. எனக்கு அது பெரிய ஏமாற்றம். கூட்டத்துக்குப் பணம் போடுகிறவர்தான் தலைப்பையும் முடிவு செய்கிறார் என்பதைக் கண்ணெதிரே பார்த்தவன் நான்.

இன்றைய கூட்டம் இப்படி நடக்கிறது. நெடுஞ்சாலையோர ஹோட்டலின் குளிரூட்டிய ஹால். வாசலில் பெயர் பதிவு, கழுத்தில் அட்டை, கையில் பை. பேசுபவர்கள் பெரும்பாலும் பெங்களூரின் பெரிய ஆஸ்பத்திரிகளைச் சேர்ந்த நிபுணர்கள். ரோபோ வைத்து மூட்டு மாற்றுவது, கல்லீரல் மாற்றுவது, மூளைக்குள் கம்பி விட்டு அடைப்பெடுப்பது. எல்லாம் உயர்ந்த வித்தை. பேசுபவர்களும் நன்றாகவே பேசுகிறார்கள். கடைசி ஸ்லைடில் நோயாளியை எப்போது தங்களுக்கு அனுப்ப வேண்டும் என்று இருக்கும். அனுப்புவதற்கு முன் நாங்கள் என்ன செய்யலாம் என்ற ஸ்லைடுக்காகத்தான் நான் காத்திருப்பேன். அது அபூர்வமாகத்தான் வரும்.

சில மாதத்துக்கு முன் ஓர் இளம் டாக்டர் போன் செய்தார். தனியாளாகக் கிளினிக் நடத்துகிறவர், ராத்திரி பத்து மணிக்கும் பெஞ்ச் காலியாகாத கிளினிக்.

“சார், ரெனியூவல் வருது. பாயிண்ட் கொஞ்சம் குறையுது. ஞாயித்துக்கிழமை எங்கேயாவது சி.எம்.இ. இருக்குங்களா?”

“எந்த சப்ஜெக்ட் வேணும்பா?”

“எதுன்னாலும் பரவாயில்லைங்க சார்.”

அவர்மேல் எனக்குக் கோபம் இல்லை. ஒரு நாள் கடையை மூடினால் அவருடைய நோயாளி எங்கே போவார்? அஞ்செட்டி, பேரிகை பக்கத்து ஆரம்ப சுகாதார நிலையத்தில் இருக்கும் டாக்டரம்மா கைக்குழந்தையை விட்டுவிட்டு நகரத்துக்கு வர வேண்டும் என்றால் எத்தனை ஏற்பாடு? கொரோனாவுக்குப் பிறகு இணையவழிக் கூட்டங்கள் பெருகியது அவர்களுக்குப் பெரிய உபகாரம். ஆனால், எது கிடைத்தாலும் சரி என்று ஒரு நல்ல டாக்டரைச் சொல்ல வைப்பது மணிக்கணக்கை மட்டும் பார்க்கும் ஏற்பாடு. அவருடைய பெஞ்சில் உட்கார்ந்திருப்பவர்களுக்கு எது தேவையோ அதை அவர் முன்னால் வைத்தால், அவர் தேடிக்கொண்டு வருவார்.

அந்த பெஞ்சில் இன்று யார் இருக்கிறார்கள்? ஜார்க்கண்டிலிருந்தும் ஒடிசாவிலிருந்தும் பீகாரிலிருந்தும் வந்த பிள்ளைகள். பழைய மூன்று மொழியோடு இந்தியும் வேண்டியிருக்கிறது. கிரானைட் அறுத்துப் பாலிஷ் போடும் இடத்தில் வேலை செய்த ஒருவர் என்னிடம் வந்தார். பல மாத இருமல், எடைக் குறைவு, படியேறினால் மூச்சு வாங்குகிறது. சளியில் கிருமி இல்லை. ஆனாலும் வேறிடத்தில் காசநோய் மருந்து ஒரு சுற்று முடித்துவிட்டு வந்திருந்தார். கையிலிருந்த சீட்டுகள் ஒன்றில்கூட அவர் என்ன வேலை செய்கிறார் என்று எழுதியிருக்கவில்லை. எக்ஸ்-ரேயில் நுரையீரலின் மேல்பகுதி முழுக்கப் பொடிப் பொடிப் புள்ளிகள். சிலிக்கோசிஸ். கல்தூள் ஏறிய நுரையீரல் திரும்பி வராது. மேலும் தூள் ஏறாமல் தடுக்கலாம், அவ்வளவுதான். காசநோய் தொற்றும் ஆபத்து இவர்களுக்கு மற்றவர்களைவிடப் பல மடங்கு என்பதால் அதற்கும் கண் வைத்திருக்க வேண்டும்.

இந்த நோயைக் கண்டுபிடிக்கும் டாக்டருக்குச் சட்டப்படி ஒரு கடமை உண்டு. 1948 தொழிற்சாலைகள் சட்டத்தின் 89ஆம் பிரிவு, அட்டவணையிலுள்ள தொழில்நோயைப் பார்க்கும் டாக்டர் அதைத் தலைமைத் தொழிற்சாலை ஆய்வாளருக்கு உடனே எழுத்தில் தெரிவிக்க வேண்டும் என்றது. 2020இல் இயற்றிய புதிய தொகுப்புச் சட்டத்திலும் அந்தக் கடமை அப்படியே இருக்கிறது. அட்டவணையில் சிலிக்கோசிஸ் இருக்கிறது, ஈய நச்சு இருக்கிறது, இரைச்சலால் வரும் காது மந்தமும் இருக்கிறது. பிரஸ் ஷாப்பில் வருடக்கணக்காக நின்றவருக்குக் காது பரிசோதனை செய்தால், வரைபடம் 4000 ஹெர்ட்ஸ் அருகில் பள்ளமாக இறங்கும். பேச்சு சரியாகக் கேட்பதுபோலவே இருக்கும். அந்தப் பள்ளம்தான் முதல் எச்சரிக்கை. ஒரு டாக்டர் எழுதும் அறிக்கை அந்தத் தொழிலாளிக்கு இழப்பீட்டுக்கு வழி திறக்கும். அவர் பக்கத்தில் நிற்பவரின் நுரையீரலையும் காதையும் காப்பாற்றும். ஆயிரக்கணக்கான ஆலைகள் உள்ள ஊரில் இந்த அறிக்கையை எப்படி எழுதுவது என்று ஒரு சி.எம்.இ. நடந்து நான் பார்த்ததில்லை. பாகலூர் பக்கம் பசுமைக்குடிலில் ரோஜாவுக்கு மருந்தடிக்கும் பெண்களின் தலைவலி, மயக்கம் பற்றியும் அப்படித்தான். பிரஸ்ஸில் துண்டான விரலை எப்படிச் சுற்றி, பனிக்கட்டி நேராகப் படாமல் எப்படி அனுப்புவது என்பதும் அப்படித்தான்.

நல்லது நடக்கவில்லை என்று சொல்ல மாட்டேன். மக்களைத் தேடி மருத்துவம் 2021 ஆகஸ்ட் 5ஆம் தேதி தொடங்கியதே எங்கள் சூளகிரி ஒன்றியத்துச் சாமனப்பள்ளியில்தான். சர்க்கரைக்கும் பிரஷருக்கும் வீட்டு வாசலில் மாத்திரை கிடைக்கிறது. 2022 ஜனவரியில் கிருஷ்ணகிரியில் அரசு மருத்துவக் கல்லூரி திறக்கப்பட்டது. நான் வந்த காலத்தில் இந்தப் பக்கத்து மாணவனுக்குக் கனவில்கூட வராத விஷயம் அது. 2023இல் வந்த இதயம் காப்போம் திட்டத்தால், மாரடைப்பு வந்தவருக்கு ஆரம்ப சுகாதார நிலையத்திலேயே முதல் டோஸ் மாத்திரைகளைக் கொடுத்து அனுப்புகிறார்கள். கற்றது நோயாளியின் கைக்குப் போய்ச் சேரும் விதம் இதுதான்.

கற்பதற்கான வழியும் நம்மிடமே இருக்கிறது. தமிழ்நாட்டில் பிரசவத்தில் ஒரு தாய் இறந்தால் அந்த மரணம் மாவட்ட ஆட்சியர் அளவில் அலசப்படுகிறது. எங்கே தாமதம், எந்த ரத்தம் கிடைக்கவில்லை, எப்போது அனுப்பியிருக்க வேண்டும் என்று கேட்கிறார்கள். தாய் இறப்பு குறைந்ததில் அந்தக் கேள்விகளுக்கு முக்கியப் பங்கு உண்டு. பிரிட்டனில் 2012 டிசம்பர் முதல் டாக்டர்களின் உரிமம் புதுப்பிக்கப்படும்போது வகுப்பில் உட்கார்ந்த கணக்கோடு முடிவதில்லை. ஆண்டுதோறும் அவருடைய வேலை மதிப்பிடப்படுகிறது; நோயாளிகளும் கூட வேலை செய்பவர்களும் என்ன சொல்கிறார்கள் என்று பார்க்கிறார்கள். அவ்வளவு பெரிய இயந்திரம் நமக்கு உடனே முடியாது. சிறியதாகத் தொடங்கலாம்.

முப்பது மணி நேரத்தில் பத்து மணி நேரத்தை அந்தந்த மாவட்டத்தின் நோய்களுக்கென்று ஒதுக்குங்கள். கிருஷ்ணகிரி மருத்துவக் கல்லூரியும் ஓசூர் அரசு மருத்துவமனையும் மாதம் ஒருமுறை கதவைத் திறந்து தனியார் டாக்டர்களையும் கூப்பிடட்டும். அந்த மாதம் பாம்புக்கடியிலும் பூச்சிமருந்திலும் மிஷினிலும் போன உயிர்களையும் விரல்களையும், பெயர் சொல்லாமல், குற்றம் சுமத்தாமல் அலசட்டும். அதற்குப் பாயிண்ட் கொடுங்கள். தன் கிளினிக்கில் கண்ட பத்து சிலிக்கோசிஸ் கேஸை எழுதிக் கொண்டுவரும் டாக்டருக்கும் பாயிண்ட் கொடுங்கள். தொழிற்சாலை ஆய்வுத் துறை அதிகாரி வந்து அந்தப் படிவத்தை நிரப்பக் காட்டட்டும். செலவு டாக்டர்கள் கட்டும் கட்டணத்திலிருந்து நடக்கட்டும். மருந்துக் கம்பெனியின் பேனர் வேண்டாம். அஞ்செட்டி டாக்டரம்மா செல்போனில் கலந்துகொள்ளட்டும்.

கவுன்சில் ஓர் அரசாணைக்குக் காத்திருக்கலாம். நாங்கள் காத்திருக்க வேண்டியதில்லை. அந்த இளம் டாக்டரிடம் சொல்லிவிட்டேன்: அடுத்த மாதம் என் முன்னறையில் கூடுவோம், முதல் கேஸ் கல்தூள் நுரையீரல், எக்ஸ்-ரே என்னிடம் இருக்கிறது, பாயிண்ட் கிடையாது. இன்னும் நான்கைந்து பேரைக் கூட்டிக்கொண்டு வருவதாகச் சொல்லியிருக்கிறார்.